குறுக்குப் பலகை வந்தால் திரும்பு

என் வீட்டுக்காரர் தேத்தண்ணி வேண்டாம் என்று சொன்ன அன்றைக்குத்தான் எனக்குப் பயம் பிடித்தது. அவருக்குப் பார்வை மங்கிக்கொண்டே போகிறது என்று பதுளை கிளினிக்கில் சொன்னபோது அழுதேன், ஆனால் பயப்படவில்லை. முப்பது வருடம் தோட்டத்துக் கொழுந்து லொறி ஓட்டியவர். ஒரு நாளைக்கு ஏழெட்டுத் தடவை தேத்தண்ணி கேட்பவர். அன்று பின்னேரம் நான் நீட்டிய கோப்பையைப் புறங்கையால் தள்ளி, வயிறு ஒரு மாதிரி இருக்கிறது என்றார். மறுநாளும் வயிறு ஒரு மாதிரி இருந்தது. அதற்கு அடுத்த நாளும் அப்படியேதான்.

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் இருபத்தெட்டு வருடம் படிப்பித்தவள். பென்சனில் வந்த பிறகும் லயத்துச் சனம் என்னை டீச்சர் என்றுதான் கூப்பிடும், கொஞ்சம் தள்ளி நின்றுதான் பேசும். அதில் எனக்கு உள்ளூர ஒரு பெருமையும் உண்டு, மறைப்பானேன். மூன்றாம் நாள் கோப்பையை அவர் பக்கத்தில் டொக்கென்று வைத்து, குடித்தால் குடியுங்கள், இல்லாவிட்டால் பூனைக்கு ஊற்றுகிறேன் என்று சொல்லிவிட்டு உள்ளே போனேன். அவர் குடிக்கவில்லை. பூனையும் குடிக்கவில்லை.

அந்தக் கிழமை முடிவதற்குள் காய்ச்சல் வந்தது. அடிவயிற்றில் வலி என்று சுருண்டு படுத்தார். ஆட்டோ பிடித்துப் பதுளைக்குக் கொண்டுபோனேன். உடம்பில் தண்ணீரே இல்லை, சிறுநீரில் கிருமி ஏறிவிட்டது, பெரியவர் ஏன் தண்ணீர் குடிப்பதில்லை என்று டாக்டர் என்னைத்தான் கேட்டார். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. திரும்பி வரும் வழி முழுக்க அவரைத் திட்டிக்கொண்டே வந்தேன். ஆட்டோக்காரர் பாவம், ரேடியோவை நிறுத்திவிட்டு என் பேச்சைக் கேட்டுக்கொண்டு வந்தார்.

வீட்டுக்கு வந்து, கட்டிலில் உட்கார வைத்து, போர்வையை எடுத்துப் போர்த்திய பிறகுதான் அவர் வாயைத் திறந்தார்.

"தண்ணி குடிச்சா போகணும். போகணும்னா ஒன்னையக் கூப்புடணும்."

அவ்வளவுதான் சொன்னார். 

எங்கள் காம்பரா, ஒரே கூரைக்குக் கீழே வரிசையாக ஒட்டியிருக்கும் லயத்து வீடுகளில் கடைசி. முன்னால் திண்ணை மாதிரிச் சின்ன இஸ்தோப்பு, அதிலிருந்து ஒரு படி இறங்கினால் வாசல். கக்கூஸ் வாசலுக்கு அந்தப் பக்கம், மேட்டின் ஓரத்தில் இருக்கிறது. நேராக இருபது அடி நடந்து, வலது பக்கம் திரும்பி இன்னும் எட்டு அடி நடக்க வேண்டும். கண் தெரிகிறவர்களுக்கு அது ஒரு தூரமே இல்லை. ஆனால் இந்தப் பக்கம் மழை வந்தால் மாதக்கணக்கில் விடாது, செம்மண் வாசல் வழுக்கும். நான் அவர் கையைப் பிடித்து, இங்கே கல், இங்கே பள்ளம் என்று சொல்லிச் சொல்லிக் கூட்டிப்போவேன். உள்ளே விட்டுவிட்டு வெளியே நிற்பேன். திரும்பும் மூலைக்குப் பக்கத்தில்தான் லயத்துப் பீலி. காலையில் அங்கே தண்ணீர் பிடிக்கும் பெண்கள் எல்லோரும் எங்கள் ஊர்வலத்தைப் பார்ப்பார்கள். யாரும் ஒரு வார்த்தை கேலியாகச் சொன்னதில்லை. பேச்சை மட்டும் நிறுத்திவிடுவார்கள். அந்த அமைதியில்தான் அவர் தலை குனிந்துபோகும்.

நான் சும்மா இருக்கவில்லை. முதலில் ஒரு நைலோன் கயிற்றை இஸ்தோப்புத் தூணிலிருந்து கக்கூஸ் கதவு வரை கட்டினேன். அவர் அதைத் தொட்டுப் பார்த்துவிட்டு, என்னை மாடு என்று நினைத்தாயா என்று கேட்டார். மறுநாளே அவிழ்த்துவிட்டேன். பிறகு வாசலுக்குச் சீமெந்து போட நினைத்தேன். லயம் தோட்டத்துக்குச் சொந்தம், வாசலும் அப்படித்தான். ஒரு கல்லை நிரந்தரமாகப் பதிக்க வேண்டுமென்றாலும் ஒபிஸில் அனுமதி வாங்க வேண்டும். இரண்டு கடிதம் எழுதினேன். பதில் வரவில்லை. என் கடிதத்தில் எழுத்துப் பிழை இருந்திருக்காது, அது மட்டும் நிச்சயம்.

அவருக்குக் காய்ச்சல் விட்டதும், கடைசியாக ஒரு தடவை கொழும்பில் காட்டிவிடலாம் என்று மகள் கூப்பிட்டாள். அவள் அங்கே ஒரு தொடர்மாடியில் ஏழாவது மாடியில் இருக்கிறாள். கண் டாக்டர் நல்ல மனிதர், நேரம் எடுத்துப் பேசினார். போன பார்வை போனதுதான், வெளிச்சமும் நிழலும் தெரிகிற இந்த மிச்சத்தையாவது மருந்துவிட்டுக் காப்பாற்றலாம் என்றார். என் வீட்டுக்காரர் சரிங்க, சரிங்க என்று தலையாட்டிக்கொண்டிருந்தார். 

அன்று பின்னேரம் மகள் வீட்டில் சமையலுக்கு உதவிக்கொண்டிருந்தவள், அவரைக் காணாமல் தேடினேன். பல்கனிக் கதவு திறந்திருந்தது.  ஓடிப்போய்ப் பார்த்தால், மனிதர் வெறுங்காலோடு பல்கனியின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு நடந்துகொண்டிருந்தார். கையை முன்னால் நீட்டவில்லை. சுவரைத் தடவவில்லை. பழைய நாளில் லொறியைக் கழுவி நிறுத்திவிட்டு அதைச் சுற்றி வருவாரே, அந்த நடை. கோடிக்குப் போனதும் நின்று, திரும்பி, அதே கோட்டில் வந்தார்.

"இந்தத் தரையில கோடு கோடா இருக்கு. காலுக்குத் தெரியுது" என்றார்.

குனிந்து பார்த்தேன். அது சீமெந்துத் தரை இல்லை. ஓரடிச் சதுரமாகச் சின்னச் சின்னப் பலகைத் தட்டுகளை ஒன்றோடொன்று சேர்த்து விரித்திருந்தாள். மேலே ஐந்து மரச்சட்டம், இடையில் விரல் நுழையாத இடைவெளி, அடியில் கறுப்புப் பிளாஸ்டிக். மகளிடம் கேட்டபோது, பல்கனி அசிங்கமாக இருந்ததென்று போன வருடம் வாங்கிப் போட்டதாகச் சொன்னாள். ஆணியும் வேண்டாம், சீமெந்தும் வேண்டாம், ஒன்றின் கொக்கியை மற்றதன் வளையத்தில் வைத்து அழுத்தினால் பூட்டிக்கொள்ளும். வீடு மாறினால் கழற்றி எடுத்துக்கொண்டு போகலாம் என்றாள்.

கழற்றி எடுத்துக்கொண்டு போகலாம் என்பதை நான் இரண்டு தடவை சொல்ல வைத்தேன். நிரந்தரமாகப் பதிக்காத ஒன்றுக்கு எந்த ஒபிஸிடம் அனுமதி கேட்க வேண்டும்? அன்று இரவு அவருக்கு மருந்துவிடும்போது விஷயத்தைச் சொன்னேன்.  ராத்திரிச் சாப்பாட்டுக்குப் பிறகு அவர் தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தார்.

பதுளை டவுனில் நாங்கள் பல வருடமாகச் சாமான் வாங்கும் ஹார்ட்வெயார் கடை ஒன்று இருக்கிறது. கடைக்காரரை நானா என்றுதான் கூப்பிடுவோம். அந்தப் பலகைத் தட்டுகளுக்கு மகள் சொன்ன பெயரில், டெக் டைல்ஸ் வேண்டும் என்றதும் அவர் கண்ணாடிக்கு மேலால் என்னைப் பார்த்தார். எல்ல ஊர்ப் பக்கத்தில் வெள்ளைக்காரர்களுக்கு ஹோட்டல் போடுகிறவர்கள்தான் அதைக் கேட்பார்களாம். ஹோட்டல் தொடங்கப் போகிறீர்களா டீச்சர் என்று சிரித்தார். ஆமாம் நானா, ஒரே ஒரு விருந்தாளி, சாகும்வரை அறையைக் காலி செய்ய மாட்டார் என்றேன். அவருக்குப் புரிய ஒரு நிமிடம் ஆனது. புரிந்ததும் சிரிப்பை நிறுத்திவிட்டு, வெளியில் மழையில் கிடக்கக்கூடிய நல்ல மரமாகத் தானே பார்த்துக் கொழும்பிலிருந்து இறக்கித் தருவதாகச் சொன்னார். பத்து நாளில் ஆறு பெட்டி வந்தது. எங்கள் பக்கம் வரும் ஒரு வானில் ஏற்றிவிட்டு, எண்ணிப் பார்த்து இறக்கும்படி டெலிபோனிலும் சொன்னார்.

வாசலை நானே மண்வெட்டியால் செதுக்கி மட்டம் பண்ணினேன். பக்கத்துக் காம்பராக்காரி வந்து கைகொடுத்தாள். மலையில் கொழுந்து பறிக்கிறவள், புருஷன் இல்லை, பிள்ளைகள் கொழும்பில் கடையில் நிற்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை அவளுக்கு இருக்கிற ஒரே ஓய்வு நாள். அதை எங்கள் வாசலில் சல்லிக்கல் கொட்டிப் பரப்புவதில் செலவழித்தாள். வேண்டாம் என்று நான் சொன்னது சும்மா மரியாதைக்குத்தான், அவள் இல்லாமல் எனக்கு முடிந்திருக்காது.

பூட்டும் வேலையை அவர் எடுத்துக்கொண்டார். நான் பெட்டியில் இருந்த படத்தைப் பார்த்துப் பார்த்துக் கொக்கி எது வளையம் எது என்று திணறிக்கொண்டிருந்தபோது, அவர் ஒரு பலகையை மடியில் வைத்து நாலு பக்கமும் விரலால் தடவினார். அடுத்ததை வாங்கினார். டக். இன்னொன்று. டக். சேற்றில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, பின்னால் நகர்ந்து நகர்ந்து, இரண்டு பலகை அகலத்துக்கு வரிசையாகப் பூட்டிக்கொண்டே போனார். என் வேலை எடுத்துக் கொடுப்பது மட்டும். பார்வை மங்கிய இந்த இரண்டு வருடத்தில் நான் அவருக்கு உதவியாளாக இருந்து, வேலை அவருடையதாக இருந்தது அன்றைக்குத்தான்.

அங்கேதான் நான் ஒரு பிசகு செய்தேன். பெட்டியில் இருந்த படத்தில், ஒரு பலகை நெடுக்காகவும் அடுத்தது குறுக்காகவும், மாறி மாறிப் பாய் பின்னியது போல அழகாக இருந்தது. நானும் அப்படியே திருப்பித் திருப்பிக் கொடுத்தேன். பார்க்க உண்மையிலேயே கண்ணுக்கு லட்சணமாக வந்தது. முடிந்ததும் அவர் எழுந்து நின்று காலை வைத்தார். நாலு அடி நடந்தார், நின்றார். இன்னும் இரண்டு அடி வைத்து ஓரத்தில் இறங்கிவிட்டார்.

"என்ன டீச்சரம்மா, அடிக்கு ஒரு வளைவு வச்சிருக்க? பசறை ரோட்டுலகூட இத்தன வளைவு இல்ல."

எனக்குக் கோபம் வந்தது. இடுப்பு ஒடியக் குனிந்து நிமிர்ந்தவள் நான், குறை சொல்கிறவர் இவர். அழகாகத்தானே இருக்கிறது என்று சொல்ல வாய் எடுத்து, அந்த வார்த்தையை விழுங்கினேன். யாருக்கு அழகு? மறுபடி எல்லாவற்றையும் கழற்றினோம். இந்தத் தடவை அவர் சொல்லச் சொல்ல நான் கொடுத்தேன். போகும் வழிக்குச் சட்டங்கள் நெடுக்காக ஓட வேண்டும், கால் அதன்மேல் வழுக்கிக்கொண்டு போகும். திரும்பும் மூலையிலிருந்து சட்டங்கள் அந்தப் பக்கம் பார்த்துத் திரும்ப வேண்டும். நேராக வருகிற காலுக்கு அது குறுக்கே தட்டும். தட்டினால் வலது பக்கம் திரும்பு, திரும்பியதும் அதே பலகை மறுபடி நெடுக்காகிவிடும். கக்கூஸ் வாசலில் இன்னொரு வரிசை குறுக்குப் பலகை, அங்கே நில். திரும்பி வரும்போது மூலை தப்பிப்போகாமல் இருக்க, அங்கே ஒரு செங்கல்லைக் குத்தாக நட்டோம், விரல் தட்டினால் இடது பக்கம். சொல்லி முடித்ததும் அவர் கேட்டார், புரிந்ததா என்று. இருபத்தெட்டு வருடம் வகுப்பில் நான் கேட்ட கேள்வி அது.

முதல் நாள் அவர் வைத்த ஒரே நிபந்தனை, நான் பார்க்கக் கூடாது என்பது. நீ பார்த்தால் எனக்கு முதுகு கூசும் என்றார். சரி என்று குசினிக்குள் போய், ஜன்னல் வழியாகப் பார்த்தேன். படியிலிருந்து காலை இறக்கினார். பெருவிரலால் சட்டத்தை ஒரு தடவை தடவினார். பிறகு நடந்தார். மூலையில் கால் நின்றது, திரும்பியது. கதவைத் திறந்து உள்ளே போய்ச் சாத்திக்கொண்டார். கதவு சாத்திய சத்தத்தைக் கேட்டு ஒரு மனுஷி அழுவாளா? நான் அழுதேன். அடுப்பில் பருப்பு அடிப்பிடித்தது.

அதிலிருந்து வீடு மாறிவிட்டது. காலையில் இரண்டு கோப்பை, பத்து மணிக்கு ஒன்று என்று பழைய கணக்கில் கேட்டு வாங்கிக் குடித்தார். குடித்து முடித்ததும் வேண்டுமென்றே சத்தமாக, இதோ வருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போவார். சின்னப் பிள்ளை முதன்முதலாகக் கடைக்குப் போகிற மாதிரி அதில் ஒரு அலட்டல் இருக்கும். வாரம் ஒரு தடவை நான் பலகைகளைத் தேய்த்துக் கழுவினேன், இல்லாவிட்டால் இந்த ஈரத்துக்குப் பாசி பிடிக்கும். அடியில் சேரும் இலையையும் அட்டையையும் நாலைந்து பலகையைக் கழற்றித் தட்டிவிட்டு மறுபடி பூட்டுவது அவர் பொறுப்பு.

லயத்துச் சனம் பார்க்க வந்தது. இங்கே நாங்கள் யாரும் செருப்போடு வீட்டுக்குள் கால் வைக்க மாட்டோம், அது சொல்லித் தெரிய வேண்டியதில்லை. வந்தவர்கள் அந்தப் பலகைத் தரையை வாசலாக நினைக்கவில்லை. பளபளவென்று கழுவித் துடைத்த மரம், அதை வீட்டின் ஒரு பகுதியாகத்தான் பார்த்தார்கள். பீலிப் பக்கமிருந்து வருகிறவர்கள் மூலையிலேயே செருப்பைக் கழற்றிவிட்டு, வெறுங்காலோடு பலகைமேல் நடந்து இஸ்தோப்புக்கு வந்தார்கள். பக்கத்துக் காம்பராக்காரி அதிலும் ஒரு படி மேல். காலைக் கழுவிவிட்டுத்தான் ஏறுவாள்.

நான் அதைத் தினமும் பார்த்தேன். மூலையில் கழற்றிக் கிடக்கும் செருப்புகளைப் பார்க்க எனக்குச் சந்தோஷமாக இருந்தது. என் வாசலுக்கு இத்தனை மரியாதை என்று நெஞ்சு நிமிர்ந்தது. செருப்பை அந்த இடத்தில் விடாதீர்கள் என்று சொல்ல எனக்குத் தோன்றவே இல்லை. இதை இப்போது எழுதும்போதும் கூசுகிறது.

ஒரு பின்னேரம், மழை விட்டுத் தூறிக்கொண்டிருந்தது. பக்கத்துக் காம்பராக்காரி அவித்த மரவள்ளிக்கிழங்கும் சம்பலும் கொண்டுவந்தாள். அவளோடு இன்னும் இரண்டு பேர். குசினியில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தோம். அவர் இதோ வருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனார். நாங்கள் பேச்சு சுவாரசியத்தில் இருந்தோம். தடாலென்று ஒரு சத்தம். ஓடிப்போய்ப் பார்த்தால் மூலையில், பலகைக்கு வெளியே, சேற்றில் அவர் கிடந்தார். பலகை ஓரத்தில் கழற்றிக் கிடந்த ரப்பர் செருப்பு ஒன்று ஈரத்தில் அவர் காலுக்கடியில் வழுக்கிக்கொண்டு போயிருக்கிறது. முழங்கால் தேய்ந்து ரத்தம், இடது மணிக்கட்டு உடனேயே வீங்கத் தொடங்கியது.

ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு என்று எத்தனை பிள்ளைகளுக்குக் கரும்பலகையில் எழுதிப் போட்டிருப்பேன். அன்று எனக்கு அதில் ஒரு எழுத்தும் ஞாபகம் வரவில்லை. கழற்றிப் போட உங்களுக்கு வேறு இடம் கிடைக்கவில்லையா, மனுஷனைக் கொல்லவா கிழங்கு கொண்டுவந்தீர்கள் என்று கத்தினேன். கையில் அகப்பட்ட செருப்புகளைத் தூக்கி எறிந்தேன். ஒன்று பீலித் தண்ணீர் போகும் கானில் விழுந்து அடித்துக்கொண்டு போய்விட்டது. இன்னொருவர் கழற்றிய செருப்பைத் தூக்கி வீசுவது எங்களுக்குள் எவ்வளவு பெரிய அவமானம் என்று எனக்குத் தெரியாதா? தண்ணீரில் போனது பக்கத்துக் காம்பராக்காரியின் செருப்பு. அவள் குனிந்து அவரைத் தூக்க என்னோடு சேர்ந்து கைகொடுத்தாள். பிறகு ஒற்றைச் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு போனாள்.

கை முறியவில்லை, சுளுக்குத்தான். கட்டுப் போட்டுவிட்டார்கள். மறுநாள் காலை அவர் எழுந்ததும் நான் அவர் வலது கையைப் பிடித்தேன். விடு என்றார். விடவில்லை. விழுந்தது போதும், இனி நான் இல்லாமல் ஒரு அடி வைக்கக் கூடாது என்றேன். கட்டுப் போட்ட கையோடு அவரால் சண்டை போட முடியவில்லை. அந்த நேர்ப் பலகைகளின்மேல் நான் அவரைக் கையைப் பிடித்து நடத்திக்கொண்டு போனேன். பீலியடியில் பேச்சு நின்றது. மூன்றாம் நாள், பத்து மணித் தேத்தண்ணியை அவர் வேண்டாம் என்றார்.

நான் கோப்பையோடு அப்படியே நின்றேன். திட்டவில்லை.  எனக்கு அந்தக் காய்ச்சலும், சுருண்டு படுத்த கோலமும் கண்ணுக்குள் வந்தது. தண்ணீராவது குடியுங்கள், உங்கள் காலில் விழுகிறேன் என்று சொன்னேன். என் கலியாண வாழ்க்கையில் அப்படி ஒரு வார்த்தையை நான் அதுவரை சொன்னதில்லை. அவர் கையால் தடவி என் முழங்கையைப் பிடித்து, பக்கத்தில் உட்கார வைத்தார்.

"இங்க பாரு. ரெண்டு வருஷமா நான் விழவே இல்ல. ஏன் விழல? நீ புடிச்சிருந்த. அன்னிக்கி விழுந்தது, நானா போயி விழுந்தது. அத என்கிட்ட இருந்து புடுங்காத."

பிறகு, செருப்பு எறிந்ததற்கு பக்கத்துக் காம்பராப் பிள்ளையிடம் போய் மன்னிப்புக் கேள் என்றும் சொன்னார். அது எனக்குக் கசந்தது. அவர் விழுந்ததை விடக் கசந்தது என்றுதான் சொல்ல வேண்டும். ஆனால் அவர் கோப்பைக்குக் கை நீட்டினார், நான் கொடுத்தேன், குடித்தார். அதற்குப் பிறகு என்ன சொன்னாலும் நான் செய்திருப்பேன்.

லுணுகலைக்குப் பஸ் ஏறிப் போய் ஒரு சோடிச் செருப்பு வாங்கினேன். பின்னேரம் பக்கத்துக் காம்பரா வாசலில் போய் நின்றேன். டீச்சராக இருந்தவளுக்கு மன்னிப்புக் கேட்கும் பழக்கம் இல்லை. பொதியை நீட்டி, அளவு சரியா பார் என்றேன்.  அவள் என்னைக் கையைப் பிடித்து உள்ளே இழுத்து உட்கார வைத்தாள்.

"செருப்பு கெடக்கு விடுங்க டீச்சர். அண்ணனுக்கு அடி பட்டது எங்களாலதான. மூணு நாளா எனக்கு சோறு எறங்கல."

எங்களால் என்று அவள் சொல்ல, என்னால்தான் என்று நான் சொன்னேன். தினமும் பார்த்தும் வாயை மூடிக்கொண்டிருந்ததையும், அதில் எனக்கு இருந்த பெருமையையும் ஒளிக்காமல் சொன்னேன். இனிமேல் எல்லோரும் செருப்போடு தாராளமாக மிதித்துக்கொண்டு வாருங்கள், அதுதான் அவருக்கு நல்லது என்றேன். அவள் யோசித்துப் பார்த்தாள். அது முடியாது டீச்சர், அந்தத் தரையைச் செருப்போடு மிதிக்க யாருக்கும் கால் வராது என்றாள். அந்தப் பக்கமே வராமல் இருப்பதற்கும் வழியில்லை, பீலிக்கும் மலைக்கும் போகிற வழி மூலையைத் தாண்டித்தான் போகிறது. பார்ப்போம் என்றாள். நானும் அதற்கு மேல் கேட்கவில்லை.

மறுநாளிலிருந்து அவர் மறுபடி தனியாகப் போகத் தொடங்கினார். நான் குசினி ஜன்னலில் நிற்பதையும் விட்டுவிட்டேன். நிற்கக் கூடாது என்று என்னையே கட்டிப்போட்டு வைத்திருந்தேன். காது மட்டும் கதவுச் சத்தத்துக்குக் காத்திருக்கும்.

ஒரு காலை, நல்ல மழை. நமுனுகுல மலை முழுக்க மேகத்துக்குள் இருந்தது. பெரட்டுக்குப் பெண்கள் புறப்படுகிற நேரம். அங்கே பேர் பதியும்போது நிற்காவிட்டால் அன்றைய நாளில் பாதிக்குத்தான் சம்பளம், அதனால் அந்த நேரத்தில் யாரும் எங்கேயும் நிற்க மாட்டார்கள். அவர் குடையை வாங்கிக்கொண்டு படியிறங்கினார். மழைச் சத்தத்தில் எனக்குக் கதவுச் சத்தம் கேட்காது என்று தோன்றியதும், மனம் பொறுக்காமல் ஜன்னலுக்குப் போனேன்.

மூலையில் நாலு பெண்கள் நின்றிருந்தார்கள். முதுகில் கூடை, தலையில் பொலித்தீன். பக்கத்துக் காம்பராக்காரி முன்னால் நின்றாள். பலகையில் ஒருத்தியும் ஏறவில்லை, ஓரத்துச் சேற்றில் வெறுங்காலோடு நின்றிருந்தார்கள். நாலு பேருடைய செருப்பும் அவரவர் கையில் இருந்தது. அவர் நடந்து வந்துகொண்டிருந்தார். அவர்கள் பேசவில்லை, அசையவில்லை. அவர் மூலைக்கு வந்தார், கால் தட்டியது, திரும்பினார். கையை நீட்டினால் முதல் ஆளின் கூடையில் படும், அவ்வளவு கிட்ட. ஒருத்தி இருமல் வராமல் வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள். அவர் உள்ளே போய்க் கதவைச் சாத்திய பிறகுதான், நாலு பேரும் பூனை மாதிரிப் பலகையைத் தாண்டி, அந்தப் பக்கம் போய்ச் செருப்பை மாட்டிக்கொண்டு, பெரட்டை நோக்கி ஓடினார்கள்.

நான் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். எவ்வளவு நாளாக இது நடக்கிறது என்று எனக்குத் தெரியவில்லை.

அவர் வந்து தலையைத் துவட்டிக்கொண்டு உட்கார்ந்தார். நான் ஒன்றும் தெரியாதவள் போல அடுப்பைக் கிளறினேன்.

"நாலு பேரு நின்னாங்க" என்றார்.

யார், எங்கே என்று கேட்டேன். என் குரல் எனக்கே நம்பும்படியாக இல்லை.

"மூலையில. எப்பவும் அந்த நேரத்துக்கு அங்க பேச்சுச் சத்தம் இருக்கும். இன்னிக்கி கூடையில மழ விழுற சத்தம் மட்டுந்தான் கேட்டுச்சு. நாலு கூட." துவாயை மடித்துப் பக்கத்தில் வைத்தார். பிறகு, "எனக்குத் தெரியும்னு அவங்ககிட்ட சொல்லிப்புடாத" என்றார்.

அன்று பின்னேரம் பக்கத்துக் காம்பராக்காரி வந்தாள். செருப்பைக் கையோடு கொண்டுவந்து இஸ்தோப்புச் சுவரில் சாத்தி வைத்தாள். அவர் உள்ளே தூங்கிக்கொண்டிருந்தார். அண்ணன் இப்போது தனியாகவே போய்விட்டு வருகிறாரே, உங்களுக்குப் பயமாக இல்லையா என்று, ஒன்றும் அறியாதவள் முகத்தோடு கேட்டாள். என் வாய்வரை வந்தது. அவளைக் கட்டிப்பிடித்து எல்லாவற்றையும் சொல்லி அழ வேண்டும் போல இருந்தது.

"பயம் என்ன பயம்" என்றேன். "அவருக்கு யாரு தொணையும் வேணாம்."

"அதான் டீச்சர்" என்றாள் அவள். அவ்வளவு சந்தோஷத்தை அந்த முகத்தில் நான் பார்த்ததில்லை.